வயிற்றுவலி என்று மட்டும் சொன்னால் போதாது

(கூட்டமைப்பின் ஆண்டுப் பொதுக்குழுவில், ஓய்வு பெற்ற அரசு மருத்துவமனை செவிலியர் ஒருவர் ஆற்றிய உரை. பேசியபடியே, சில இடங்களில் மட்டும் சுருக்கி எழுதப்பட்டுள்ளது.)



இந்த வருஷம் என்ன பேசட்டும் என்று செயலாளரிடம் கேட்டேன். அவர் சொன்னார்: "அக்கா, உள்கடன் எதுக்கு வாங்குனாங்கன்னு எழுதுற நோட்டை எடுத்துப் புரட்டிப் பார்த்தேன். படிப்பு, மாடு, கல்யாணம். அதுக்கு அடுத்தபடியா 'வயித்துவலி, ஆஸ்பத்திரி செலவு'ன்னுதான் நிறைய இருக்கு. அதைப் பத்திப் பேசுங்களேன்." கடன் நோட்டு பொய் சொல்லாது. அதனால் வயிற்றுவலியைப் பற்றியே பேசுகிறேன்.

நான் அரசு ஆஸ்பத்திரியில் 31 வருஷம் நர்ஸ் வேலை பார்த்தவள். அதில் பாதிக்கு மேல் அவசரப் பிரிவில். வயிற்றைப் பிடித்துக்கொண்டு வருகிற பெண்களிடம் "என்னம்மா பண்ணுது?" என்று கேட்டால் முக்கால்வாசிப் பேர் சொல்வது ஒரே வார்த்தைதான். "கேஸ், சிஸ்டர்." நெஞ்சுக்குழி எரிந்தால் கேஸ். விலாவில் குத்தினால் கேஸ். முதுகில் பிடித்தாலும் கேஸ். வாயு என்பது இல்லாத விஷயம் இல்லை. ஆனால் வாயு வலி என்றால் இடம் மாறும், விட்டு விட்டு வரும், ஏப்பம் வந்தாலோ காற்றுப் பிரிந்தாலோ குறையும். ஒரே இடத்தில் நின்று மணிக்கு மணி கூடிக்கொண்டே போகிற வலியை வாயு என்று சொல்லக் கூடாது. அப்படிப் பேர் வைத்துவிட்டால் அதற்கு மேல் நாமும் யோசிப்பதில்லை, வைத்தியம் பார்க்கிறவர்களும் சில சமயம் யோசிப்பதில்லை. யோசிக்காதவர்களில் நானும் ஒருத்தி. இதை இதுவரை எந்த மேடையிலும் நான் சொன்னதில்லை.

2001-ஆம் வருஷம். செங்கல் சூளையில் வேலை பார்க்கிற பெண், 34 வயது, ஓரகத்தியைக் கூட்டிக்கொண்டு வந்திருந்தாள். ரெண்டு நாளாக அடிவயிற்றில் ஒரு பக்கமாக வலி. மெடிக்கலில் ஒரு செட் மாத்திரை வாங்கிப் போட்டிருக்கிறாள். அன்றைக்குக் காலையில் உட்கார்ந்து எழும்போது கண்ணை இருட்டிக்கொண்டு வந்ததாம். "தோள்பட்டையும் வலிக்குது சிஸ்டர், கல்லு சுமந்ததுல பிடிச்சிருக்கும்" என்றாள். "முழுகாம கிழுகாம இருக்கியா?" என்று கேட்டேன். "மூணாவது பிள்ளையோட ஆபரேஷன் பண்ணியாச்சு சிஸ்டர், ஆறு வருஷம் ஆச்சு" என்று சிரித்தாள். நானும் சிரித்துவிட்டேன். டாக்டர் பிரசவ அறையில் ஒரு சிக்கலான கேஸில் இருந்தார். "செத்த உட்காரும்மா, வந்துருவார்" என்று பெஞ்சைக் காட்டினேன். நாடி பார்க்கவில்லை. பிரஷர் பார்க்கவில்லை. கடைசியாகத் தலைக்குக் குளித்தது எப்போது என்று கேட்கவில்லை. தண்ணீர் கேட்டாள், கொடுத்தேன்.

ஒன்றேகால் மணி நேரம் அந்தப் பெஞ்சில் உட்கார்ந்திருந்தாள். பிறகு அப்படியே சரிந்தாள். முகம் சுண்ணாம்பு அடித்த மாதிரி வெளுத்துவிட்டது. டாக்டர் ஓடி வந்து முதலில் கேட்டதே, "யூரின் டெஸ்ட் பண்ணியாச்சா?" என்றுதான். பண்ணிப் பார்த்தால் கார்டில் இரண்டு கோடு. கரு கர்ப்பப்பைக்கு வந்து சேராமல் கருக்குழாயிலேயே தங்கி, குழாய் வெடித்து, வயிற்றுக்குள் ரத்தம் கொட்டிக்கொண்டிருந்தது. எங்கள் ஆஸ்பத்திரியில் அன்று ரத்தமும் இல்லை, மயக்க மருந்து டாக்டரும் இல்லை. 108 வண்டி நம் மாநிலத்துக்கு வந்ததே 2008-ல்தான். வாடகை வேன் பிடித்து அனுப்பினோம். பெரியாஸ்பத்திரி போய்ச் சேருவதற்கு முன்னாலேயே அவள் போய்விட்டாள். கடைசிப் பிள்ளைக்கு ஆறு வயது.

நூறு கர்ப்பத்தில் ஒன்றிரண்டு இப்படிக் கர்ப்பப்பைக்கு வெளியே தங்கும். குடும்பக் கட்டுப்பாடு ஆபரேஷன் நம்பகமான ஆபரேஷன்தான், அதைக் குறை சொல்ல நான் வரவில்லை. ஆனால் ஆபரேஷனுக்குப் பிறகும், ரொம்ப அபூர்வமாக, கரு உண்டாகும். அப்படி உண்டானால் அது குழாயில் தங்குவதற்கான வாய்ப்பு மற்றவர்களைவிட அதிகம். காப்பர்-டி போட்டிருப்பவர்களுக்கும் இதே கணக்குத்தான். நாள் தள்ளிப் போயிருக்கும், அல்லது கொஞ்சமாகத் திட்டுத் திட்டாகப் பட்டிருக்கும். அதை நாம் மாதவிடாய் என்று நினைத்துக்கொள்வோம். ஒரு பக்கம் அடிவயிறு வலிக்கும், மயக்கம் வரும். அந்தத் தோள்பட்டை வலி கல் சுமந்ததால் வந்தது இல்லை. நெஞ்சுக்கும் வயிற்றுக்கும் நடுவில் உதரவிதானம் என்று ஒரு தசைத் திரை இருக்கிறது. வயிற்றுக்குள் கசிந்த ரத்தம் அதில் போய்ப் பட்டால் வலி தோளில் தெரியும். தோளுக்கும் அந்தத் திரைக்கும் நரம்பு கழுத்தில் ஒரே இடத்திலிருந்து வருகிறது. அவள் எல்லாவற்றையும் என்னிடம் சொன்னாள். நான்தான் கேட்டுக்கொள்ளவில்லை.

இன்றைக்கு நல்ல அவசரப் பிரிவில் பிள்ளை பெறும் வயதில் எந்தப் பெண் வயிற்றுவலி என்று வந்தாலும் சிறுநீர் கார்டு டெஸ்ட் எடுப்பார்கள். ஆபரேஷன் பண்ணியிருந்தாலும் எடுப்பார்கள். கணவர் வெளிநாட்டில் இருந்தாலும், கல்யாணம் ஆகாத பெண்ணாக இருந்தாலும் எடுப்பார்கள். "எம் பொண்ணைப் பார்த்து இப்படிக் கேக்கலாமா?" என்று நர்ஸிடம் சண்டைக்குப் போன அம்மாக்களை நிறையப் பார்த்திருக்கிறேன். சண்டை போடாதீர்கள் தாயீ. அது உங்கள் பெண்ணின் நடத்தையைப் பற்றிய கேள்வி இல்லை. அவள் உயிரைப் பற்றிய கேள்வி.

இனி, வயிறு ஏன் நம்மை இப்படி ஏமாற்றுகிறது என்று பார்க்கலாம். கையில் முள் குத்தினால் கண்ணை மூடிக்கொண்டே இடத்தைக் காட்டிவிடுவோம். வயிற்றுக்குள் அப்படி முடியாது. குடலை அறுத்தால்கூட அதற்கு வலி தெரியாது. ஆனால் உப்பினால் வலிக்கும், இழுபட்டால் வலிக்கும், அடைத்துக்கொண்டு முறுக்கினால் வலிக்கும். அப்போதும் எந்த இடம் என்று சரியாகச் சொல்லத் தெரியாது. தொப்புளைச் சுற்றி, நடுவயிற்றில் என்று பொதுவாகத்தான் தெரியும். வயிற்றின் உள்சுவரை ஒட்டி ஒரு மெல்லிய சவ்வு இருக்கிறது. வீக்கம் முற்றி அந்தச் சவ்வைத் தொட்ட பிறகுதான் "இதோ இங்கே" என்று ஒரு விரலால் காட்ட முடியும். 

குடல்வால் வீக்கம் இதற்கு நல்ல உதாரணம். முதலில் தொப்புளைச் சுற்றி மந்தமான வலி. சாப்பாடு பிடிக்காது, குமட்டும். சில மணி நேரத்தில் வலி வலது பக்கம் அடிவயிற்றுக்கு இறங்கும். லேசான காய்ச்சல் வரும். இருமினால் சுரீர் என்கும். ஆட்டோவில் போகும்போது வேகத்தடையில் ஏறி இறங்கினால் முகம் சுளிப்பார்கள். அதைப் பார்த்தே நாங்கள் பாதி புரிந்துகொள்வோம்.

நம் சங்கத்து உறுப்பினர் ஒருவரின் மகள், கல்லூரியில் படிக்கிற பிள்ளை. மத்தியானம் தொப்புளைச் சுற்றி வலி. அப்பத்தா குடல் தட்டிவிட்டார், தொக்கம் எடுக்கிற அம்மாவிடமும் கூட்டிப் போய்விட்டு வந்தாயிற்று. ராத்திரி எட்டரை மணிக்கு விளக்கெண்ணெயைச் சூடு பண்ணி, டம்ளரில் ஊற்றித் தயாராக வைத்திருக்கும்போது ஊக்குநர் எனக்குப் போன் போட்டார். "இப்ப வலி எங்கப்பா இருக்கு?" என்று அந்தப் பிள்ளையிடமே கேட்டேன். "கீழ வலது பக்கம் வந்துருச்சு அத்தை, காலை நீட்ட முடியல" என்றாள். விளக்கெண்ணெயைக் கொட்டச் சொன்னேன். வீங்கி இருக்கிற குடல்வாலோடு பேதிக்குக் கொடுத்தால் அது வெடிக்க வாய்ப்பு கூடும். 108-ல் ஏற்றி, நள்ளிரவில் ஆபரேஷன் முடிந்தது. நான்காம் நாள் வீட்டில் இருந்தாள். அப்பத்தாவை நான் குறை சொல்ல மாட்டேன். அவர் காலத்தில் அவருக்குத் தெரிந்ததை, பேத்தி மேல் உள்ள பாசத்தில் செய்தார். ஒன்றை மட்டும் கவனிக்க வேண்டும்: இப்படிப்பட்ட வலி திடீரென்று தானாக விட்டுவிட்டால் "அப்பாடா, சரியாச்சு" என்று வீட்டில் படுத்துவிடக் கூடாது. சில சமயம் குடல்வால் வெடித்ததும் இறுக்கம் விட்டு வலி கொஞ்ச நேரம் தணியும். பிறகு வயிறு முழுக்கச் சீழ் பரவி முன்னைவிட மோசமாக வரும்.

டாக்டர் அறைக்குள் நுழையும்போதே உங்களைப் பார்த்துக்கொண்டுதான் இருப்பார். சிறுநீரகக் கல் வலி வந்தவரால் ஓரிடத்தில் உட்கார முடியாது. உருளுவார், எழுந்து நடப்பார், சுவரில் சாய்வார். வலி முதுகுப்பக்க விலாவில் ஆரம்பித்துத் தொடை இடுக்குக்கு இறங்கும். வயிற்றுக்குள் சீழ், ரத்தம், குடலில் ஓட்டை என்று இருப்பவர் நேர்மாறாக இருப்பார். அசையாமல் கட்டை மாதிரி கிடப்பார், மூச்சுக்கூட மெதுவாக விடுவார். கத்துகிறவரைப் பார்த்து எல்லோரும் பதறுவோம். அமைதியாகக் கிடக்கிறவரை "வலி குறைஞ்சிருச்சு போல" என்று விட்டுவிடுவோம். அமைதியாகக் கிடப்பவர்தான் பெரும்பாலும் அதிக ஆபத்தில் இருப்பவர்.

அடுத்து கேள்விகள். பரிசோதனையில் பெரிய பங்கு இந்தக் கேள்விகள்தான், ஸ்கேன் எல்லாம் அப்புறம். எங்கே ஆரம்பித்தது, இப்போது எங்கே இருக்கிறது. திடீரென்று வந்ததா, கொஞ்சம் கொஞ்சமாகவா. விட்டு விட்டா, விடாமலா. சாப்பிட்டால் கூடுகிறதா, குறைகிறதா. வாந்தி முதலில் வந்ததா, வலி முதலில் வந்ததா. கடைசியாக வெளிக்குப் போனது எப்போது, காற்றுப் பிரிகிறதா. சிறுநீர் எரிகிறதா. மலம் என்ன நிறம். வெள்ளைப்படுவதில் நாற்றம் உண்டா. கடைசி மாதவிடாய் எந்தத் தேதி. என்னென்ன மாத்திரை போட்டீர்கள்.

இதில் பாதிக் கேள்விக்கு நம் பெண்கள் தலையைக் குனிந்துகொள்வார்கள். கூட வந்த கணவரோ மாமியாரோதான் பதில் சொல்வார். அவர்களுக்கு எப்படித் தெரியும்? கூட்டம் அதிகமாக இருக்கிறது, டாக்டர் ஆண், பக்கத்தில் நாலு பேர் நிற்கிறார்கள். எனக்குத் தெரியும், நானே அந்தக் கூட்டத்தை ஒழுங்குபடுத்தியவள். "சிஸ்டர், தனியா ஒரு நிமிஷம் பேசணும்" என்று சொல்லுங்கள். அது உங்கள் உரிமை. போட்ட மாத்திரையின் அட்டையைத் தூக்கி எறியாமல் முந்தானையில் முடிந்து எடுத்துக்கொண்டு போங்கள். "சிவப்புக் கலர் மாத்திரை சார்" என்றால் யாருக்கும் ஒன்றும் புரியாது.

மலத்தின் நிறத்தை ஏன் கேட்கிறார்கள்? மலம் தார் மாதிரி கறுப்பாக, பிசுபிசு என்று, கெட்ட நாற்றத்தோடு போனால் இரைப்பைப் புண்ணிலிருந்து ரத்தம் கசிகிறது என்று அர்த்தம் இருக்கலாம். இரும்புச் சத்து மாத்திரை சாப்பிட்டாலும் கறுப்பாகப் போகும், அதையும் சொல்லிவிட வேண்டும். இந்தப் புண் காரம் தின்பதால் வருகிறது என்றுதான் எங்களுக்கும் ஒரு காலத்தில் சொல்லித் தந்தார்கள். ஆஸ்திரேலியாவில் பாரி மார்ஷல், ராபின் வாரன் என்று இரண்டு டாக்டர்கள், இரைப்பையில் வாழும் ஒரு கிருமிதான் பெரும்பாலான புண்ணுக்குக் காரணம் என்றார்கள். யாரும் நம்பவில்லை. 1984-ல் மார்ஷல் அந்தக் கிருமியைத் தானே குடித்து, இரைப்பை அழற்சி வரவழைத்துக் காட்டினார். 2005-ல் இருவருக்கும் நோபல் பரிசு. இப்போது அந்தக் கிருமிக்கு இரண்டு வார மருந்து இருக்கிறது.

புண்ணுக்கு இரண்டாவது காரணம் நம் கையிலேயே இருக்கிறது. மெடிக்கலில் வாங்குகிற அந்த செட் மாத்திரை. களை எடுத்துவிட்டு வந்து இடுப்பு வலிக்கு ஒன்று, முட்டி வலிக்கு ஒன்று, வெறும் வயிற்றில் டீயோடு போடுகிற டைக்ளோஃபெனாக் மாதிரியான வலி மாத்திரைகள் இரைப்பையின் உள்பூச்சை அரித்துவிடும். மாதக்கணக்கில் போட்டவர்களுக்கு ஒரு நாள் வயிற்றில் கத்தியால் குத்தின மாதிரி வலி வந்து, பார்த்தால் இரைப்பையில் ஓட்டை. சிறுநீரகத்தையும் அது கெடுக்கும். உடம்பு வலிக்கு மாத்திரையே போடாதே என்று சொல்ல எனக்கு வாய் வராது. நாளைக்கும் வேலைக்குப் போனால்தானே தவணை கட்ட முடியும். ஆனால் எந்த மாத்திரை, எத்தனை நாள் என்பதை மெடிக்கல் கடைத் தம்பியிடம் கேட்காமல் டாக்டரிடம் கேளுங்கள்.

மேல்வயிற்று வலியில் இன்னொன்று. என் பெரியம்மா, சர்க்கரை வியாதிக்காரர். ராத்திரி நெஞ்சுக்குழியை யாரோ மிதிக்கிற மாதிரி இருக்கிறது என்றார். வேர்த்துக் கொட்டியது. மகன் சோடா வாங்கிக் கொடுத்தான். ஓமத் தண்ணி கொடுத்தார்கள். விடிகாலையில் ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனபோது அங்கே இருந்த பயிற்சி டாக்டர் வயிற்றைத் தொடுவதற்கு முன்னால் ஈ.சி.ஜி. எடுத்தார். மாரடைப்பு. பிழைத்துக்கொண்டார். பெண்களுக்கும், சர்க்கரை இருப்பவர்களுக்கும் மாரடைப்பு சினிமாவில் வருகிற மாதிரி இடது மார்பைப் பிடித்துக்கொண்டு வராமலும் இருக்கலாம். மேல்வயிற்றில் அழுத்தம், வேர்வை, மூச்சு வாங்கல், காரணமில்லாத அசதி என்று வரும். நாற்பது தாண்டியவர்களுக்கு மேல்வயிற்று வலியோடு வேர்வை இருந்தால் சோடாக் கடைக்குப் போகாதீர்கள், ஆஸ்பத்திரிக்குப் போங்கள்.

விருந்து சாப்பிட்ட அன்று ராத்திரி வலது விலாவுக்குக் கீழே பிடித்து, வலது தோள்பட்டை எலும்பு வரைக்கும் இழுத்து, ஒன்றிரண்டு மணி நேரத்தில் விட்டுவிடும் வலி பித்தப்பைக் கல்லாக இருக்கலாம். பெண்களுக்குத்தான் இது அதிகம். அதோடு குளிர் காய்ச்சலும் கண்ணில் மஞ்சளும் சேர்ந்தால் அன்றைக்கே போக வேண்டும். மஞ்சள் காமாலை என்று கீழாநெல்லி தேடிக்கொண்டு நாளைக் கடத்தக் கூடாது. குடிக்கிற ஆண்கள் வீட்டில் இருந்தால் கணையம் என்ற பெயரையும் தெரிந்து வைத்துக்கொள்ளுங்கள். நடு மேல்வயிற்றில் வந்து முதுகுக்குத் துளைத்துக்கொண்டு போகும், குனிந்து உட்கார்ந்தால் கொஞ்சம் தேவலாம் என்பார்கள். விடாமல் வாந்தி எடுப்பார்கள். "குடிச்ச மப்பு, கிடக்கட்டும்" என்று கோபத்தில் விட்டுவிட்ட மனைவிமாரை எனக்குத் தெரியும். கோபம் நியாயம்தான். ஆனாலும் விடாதீர்கள்.

டெஸ்ட்டுகளைப் பற்றிச் சுருக்கமாகச் சொல்கிறேன். முதலில் டாக்டர் படுக்கவைத்து, முழங்காலை மடக்கச் சொல்லி, வலி இல்லாத பக்கத்திலிருந்து அமுக்கிப் பார்த்துக்கொண்டு வருவார். கை வயிற்றில் இருந்தாலும் கண் உங்கள் முகத்தில் இருக்கும். வலித்தால் அடக்கிக்கொண்டு பல்லைக் கடிக்காதீர்கள், சொல்லுங்கள். பிறகு சிறுநீர், ரத்தம், சர்க்கரை. தேவைப்பட்டால் நிற்கவைத்து எக்ஸ்ரே, அதில் குடல் ஓட்டையாகி வெளியே வந்த காற்றும், குடல் அடைப்பும் தெரியும். ஸ்கேனில் பித்தப்பைக் கல், சினைப்பைக் கட்டி, கர்ப்பம் இதெல்லாம் நன்றாகத் தெரியும். ஆனால் "ஸ்கேன் நார்மல்" என்றால் ஒன்றுமே இல்லை என்று அர்த்தம் இல்லை. இரைப்பைப் புண் சாதாரண ஸ்கேனில் தெரியாது, அதற்கு எண்டோஸ்கோப்பி வேண்டும். குடல்வால் ஆரம்பத்தில் தெரியாமல் போகலாம். அதனால்தான் "இருங்க, சில மணி நேரம் கழிச்சு மறுபடி பார்க்கிறேன்" என்பார்கள். நம் ஆட்கள் "டாக்டர் ஒண்ணும் பண்ணல" என்று கோபித்துக்கொண்டு தனியாருக்குப் போய்விடுவார்கள். மறுபடி மறுபடி தொட்டுப் பார்ப்பதும் வைத்தியம்தான். வலி எந்தப் பக்கம் நகர்கிறது என்பது அப்போதுதான் தெரியும். இன்னொரு பழைய பயம், ஆஸ்பத்திரியில் வலிக்கு ஊசி போட்டால் நோய் மறைந்துவிடும் என்பது. பரிசோதித்த டாக்டர் போடுகிற ஊசியால் அப்படி ஆகாது. வீட்டில் நாமே மாத்திரை போட்டு மூன்று நாள் தள்ளுகிறோமே, அதில்தான் ஆபத்து. கடுமையான வலியோடு கிளம்பும்போது சோறு, ஜூஸ், சோடா எதுவும் கொடுக்காதீர்கள். ஆபரேஷன் வேண்டியிருந்தால் மயக்க மருந்துக்கு வெறும் வயிறு தேவை. 2001-ல் நான் கொடுத்த தண்ணீரும் தப்புத்தான்.

நன்றாக இருந்த ஆளுக்குத் திடீரென்று வந்த கடும் வலி ஆறு மணி நேரம் விடாமல் நின்றால் அது பெரும்பாலும் கத்தி வைக்க வேண்டிய நோயாக இருக்கும் என்பது பழைய அறுவை மருத்துவர்களின் கணக்கு. ஆறு மணி நேரம் வீட்டில் காத்திருக்கச் சொல்வதாக எடுத்துக்கொள்ளாதீர்கள். மயக்கம், பச்சை வாந்தி, ரத்த வாந்தி, கல் மாதிரி இறுகிய வயிறு, காற்றுகூடப் பிரியாமல் உப்பிக்கொண்டே போவது, பழைய ஆபரேஷன் தழும்பில் புடைத்து உள்ளே போகாமல் வலிக்கும் கட்டி, கர்ப்பிணிக்கு வரும் எந்தக் கடும் வலியும், இதில் ஒன்று இருந்தால் அந்த நிமிஷமே 108.

இனி, மெதுவாக வருகிற வலிகள். மூன்று மாதமாகச் சாயங்காலக் காய்ச்சல், எடை குறைவு, வயிற்றில் மந்தமான வலி என்றால் குடலில் காசநோய் இருக்கலாம். நெஞ்சில் மட்டும்தான் டி.பி. வரும் என்று நினைக்காதீர்கள். ஐம்பது வயதுக்கு மேல், மாதவிடாய் நின்ற பிறகு, புதிதாக வயிறு உப்பல், நாலு வாய் சாப்பிட்டாலே நிறைந்துபோவது, பாவாடை நாடா இறுக்கமாவது, இது சில வாரம் தொடர்ந்தால் சினைப்பையை ஸ்கேன் பண்ணிப் பார்க்க வேண்டும். சினைப்பைப் புற்றுநோய் இப்படித்தான் கேஸ் வேஷம் போட்டுக்கொண்டு வரும்.

இன்னொரு காரணம் நோய்ப் பட்டியலிலேயே இருக்காது. வேலைத் தளத்தில் கழிப்பறை இல்லாததுதான் அது. பூ பறிக்கப் போகிறவர்கள், நூறு நாள் வேலைக்குப் போகிறவர்கள், ஜவுளிக் கடையில் நாள் முழுக்க நிற்கிற பிள்ளைகள், எல்லோரும் காலையிலிருந்து தண்ணீர் குடிப்பதில்லை. குடித்தால் ஒதுங்க இடம் வேண்டுமே. சிறுநீரை அடக்கி அடக்கி நீர்க்கடுப்பு, கல். மலத்தை அடக்கி மலச்சிக்கல், வயிற்றுவலி. ஒரு பெண்ணுக்கு ஒரே வருஷத்தில் ஐந்து தடவை நீர்த்தாரைத் தொற்றுக்கு மருந்து கொடுத்தோம். ஆறாவது தடவை விசாரித்தால் அவள் வேலை பார்த்த இடத்தில் பெண்களுக்குக் கழிப்பறையே கிடையாது. ரோட்டுக்கும் சந்தைக்கும் தீர்மானம் போடுகிற நம் கூட்டமைப்பு இதற்கும் ஒரு தீர்மானம் போட்டு ஊராட்சிக்குக் கொடுக்கலாம். இது வைத்தியமா என்று கேட்டால், ஆமாம், வைத்தியம்தான்.

அடுத்து, கொஞ்சம் கோபத்தோடே சொல்ல வேண்டிய விஷயம். அடிவயிற்று வலி, வெள்ளைப்படுதல் என்று போன 35 வயதுப் பெண்ணிடம், "பிள்ளை பெத்தாச்சுல்ல, கர்ப்பப்பையை எடுத்துடலாம், இன்சூரன்ஸ்ல வந்துரும்" என்று சொல்கிற இடங்கள் இருக்கின்றன. எடுத்தே ஆக வேண்டிய நோய்களும் உண்டு. ஆனால் வெள்ளைப்படுதல் பெரும்பாலும் மாத்திரையில் தீரும் தொற்று. சிறு கட்டிகள் பலவற்றைத் தொடவே வேண்டாம். அந்த வயதில் எடுத்து, கூடவே சினைப்பையையும் எடுத்துவிட்டால் எலும்புத் தேய்மானமும் இதய நோயும் முன்கூட்டியே வரும். இப்படித் தேவையில்லாமல் எடுப்பதைத் தடுக்க வழிகாட்டுதல்களை நடைமுறைப்படுத்தச் சொல்லி 2023-ல் உச்ச நீதிமன்றமே உத்தரவு போட்டிருக்கிறது. எடுக்கச் சொன்னால் சரி என்று கையெழுத்துப் போடும் முன் இன்னொரு மகப்பேறு மருத்துவரிடம், முடிந்தால் அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனையில், கேளுங்கள். அவசர ஆபரேஷன் இல்லை என்றால் ஒரு வாரம் காத்திருப்பதால் ஒன்றும் ஆகிவிடாது.

எல்லா டெஸ்ட்டும் பார்த்து ஒன்றும் கிடைக்காத வலியும் உண்டு. குடல் கூச்ச சுபாவமுள்ள குடலாக இருக்கும். கவலை வந்தால் இறுக்கும், பேதியாகும், பிறகு கட்டிக்கொள்ளும். "ரிப்போர்ட் எல்லாம் நார்மல், இவ நடிக்கிறா" என்று வீட்டில் சொல்வார்கள். அது நடிப்பு இல்லை. வலி நிஜம், அதற்கும் மருந்தும் சாப்பாட்டு முறையும் இருக்கிறது.

கடைசியாகப் பணம். அரசு ஆஸ்பத்திரியில் வைத்தியம் இலவசம். முதலமைச்சர் காப்பீட்டு அட்டையில் குடும்பத்துக்கு ஆண்டுக்கு 5 லட்சம் ரூபாய் வரை உண்டு. அட்டை எடுக்காதவர்கள் இந்த வாரமே எடுங்கள். இதெல்லாம் இருந்தும் ராத்திரியில் கையில் ஆயிரம் ரூபாய் இல்லை என்பதற்காக "விடியட்டும்" என்று இருந்துவிடுகிறோம். நான் சொன்னேனே அந்தக் கல்லூரிப் பிள்ளை, அன்றைக்குச் சங்கப் பெட்டியில் 4,200 ரூபாய் இருந்தது. ஒரு சாவி பொருளாளரிடம், அவர் திருவிழாவுக்குப் பக்கத்து ஊர் போயிருந்தார். பெட்டியைத் திறக்க முடியவில்லை. பக்கத்து வீட்டுக்காரர் கொடுத்த பணத்தில்தான் போனார்கள். கணக்குச் சுத்தமாக இருக்க மூன்று சாவி வேண்டியதுதான். ஆனால் ராத்திரி அவசரத்துக்கு என்று ஒரு தொகையைத் தனியாக ஒருவர் கையில் வைத்து, மறுநாள் கூட்டத்தில் எழுதிக்கொள்கிற மாதிரி ஒரு தீர்மானம் போட முடியாதா? இப்போது ஜிபேயும் இருக்கிறது. தலைவி அவர்கள் தலையாட்டுகிறார்கள், அதைத் தீர்மான நோட்டில் ஏற்றச் சொல்கிறேன்.

சாம்பார் வாசனை வந்துவிட்டது, உங்கள் முகத்தைப் பார்த்தால் தெரிகிறது. சாப்பாடு முடிந்து நாலு மணி பஸ் வரைக்கும் நான் மேடைக்குப் பின்னால் இருக்கிற சின்ன அறையில்தான் இருப்பேன். பிரஷர் பார்க்கிற கருவி கொண்டு வந்திருக்கிறேன். இங்கே எல்லோர் முன்னாலும் கேட்க முடியாத கேள்வி இருப்பவர்கள் ஒவ்வொருவராக வாங்க. கதவைச் சாத்திக்கொள்ளலாம். வரும்போது கடைசியாகத் தலைக்குக் குளித்த தேதியை மட்டும் ஞாபகப்படுத்திக்கொண்டு வாங்க.